கையை விடக் கற்றுக்கொண்ட அம்மா! - ஆன்லைன் வகுப்பும், அடங்காத அலையும்

"அவன் கையைப் பிடிச்சு எழுத வைங்கம்மா. உங்க கை அவன் கை மேல இருக்கட்டும்."

செல்போன் திரையிலிருந்து சிறப்பாசிரியர் சொல்கிறார். தரையில் ஒரு சிலேட்டு. அதன் முன்னால் ஏழு வயது மகன். பக்கத்தில் அம்மா. ஒரு நேர்க்கோடு போட வேண்டும், அவ்வளவுதான். ஆனால், அம்மாவின் கை மகனின் மணிக்கட்டுக்கு நான்கு விரல் தூரத்திலேயே நின்றுவிடுகிறது. உள்ளங்கை வியர்க்கிறது. காது அடைத்துக்கொள்கிறது. "சிக்னல் இல்ல டீச்சர், அப்புறம் பேசுறேன்" என்று போனை வைத்துவிடுகிறார்.

சிக்னல் நன்றாகத்தான் இருக்கிறது.

இப்படி ஒரு வீட்டைக் கற்பனை செய்துகொள்ளுங்கள். நாகப்பட்டினம் பக்கம், சுனாமிக்குப் பிறகு கட்டிக்கொடுத்த குடியிருப்பு. வருடம் 2020. அப்பா விசைப்படகில் கூலிக்குப் போகிறவர். அம்மாவுக்கு 28 வயது. மகனுக்கு ஆட்டிசம். 2004 டிசம்பர் 26 காலை, அந்த அம்மா 12 வயதுச் சிறுமி. தம்பியின் கையைப் பிடித்துக்கொண்டு ஓடினாள். பாதி வழியில் அந்தக் கை நழுவியது.

இது யாருடைய பேட்டியும் அல்ல. சிறப்புக் குழந்தையின் ஆன்லைன் வகுப்பு, ஆறாத பழைய அதிர்ச்சி... இந்த இரண்டும் ஒரே கூரையின் கீழ் சேர்ந்தால் என்ன ஆகும் என்று பார்ப்பதற்கான ஒரு சித்திரம் மட்டுமே. ஆனால், அந்தச் சித்திரத்தைச் சுற்றியிருக்கும் நிலவரம் முழுக்க நிஜம். நாகை மாவட்டத்தில் மட்டும் 6,000 பேருக்கும் மேல் அந்தக் காலையில் இறந்துபோனார்கள். அன்று பிழைத்த பிள்ளைகள் கொரோனா காலத்தில் அப்பா, அம்மாவாகியிருந்தார்கள்.

ஒரு வீடு, ஒரு போன்

2020 மார்ச்சில் பள்ளிகள் மூடின. தமிழ்நாட்டில் ஒன்று முதல் எட்டாம் வகுப்பு வரை மீண்டும் திறந்தது 2021 நவம்பர் 1-ம் தேதி. நடுவில் ஒன்றரை வருடத்துக்கும் மேல். மற்ற குழந்தைகளுக்கு அது படிப்பு இழப்பு. சிறப்புக் குழந்தைகளுக்குப் பள்ளி என்பது படிப்பு மட்டுமல்லவே. பிசியோதெரபி அங்கேதான், பேச்சுப் பயிற்சி அங்கேதான், 'இதுக்கப்புறம் இது' என்று நாளை நகர்த்திக்கொடுத்த மணிச் சத்தமும் அங்கேதான்.

கல்வித் தொலைக்காட்சி 2019-லேயே வந்துவிட்டது. அதனால் பாடம் இல்லை என்று சொல்லிவிட முடியாது. அந்தப் பாடம் எந்தக் குழந்தைக்குப் போய்ச் சேர்ந்தது என்பதுதான் கேள்வி. ஆசிரியர் நோட்டில் எழுதி, போட்டோ எடுத்து வாட்ஸ்அப்பில் அனுப்பினால், பார்வையற்ற மாணவரின் போனில் இருக்கும் வாசிப்பு மென்பொருளுக்கு அது வெறும் படம். ஓர் எழுத்தைக்கூடப் படித்துக்காட்டாது. காது கேளாத குழந்தைக்குச் சைகை புரிய வேண்டுமென்றால் விரல் அசைவு தெளிவாகத் தெரிய வேண்டும். நெட் சிக்கிச் சிக்கி வந்தால் சைகை பாதியில் உறைந்துவிடும். பாடப்புத்தகங்களை இந்திய சைகை மொழிக்கு மாற்றுவதற்கான ஒப்பந்தம் என்.சி.இ.ஆர்.டி-க்கும் இந்திய சைகை மொழி ஆராய்ச்சி மையத்துக்கும் இடையே கையெழுத்தானதே 2020 அக்டோபரில்தான். பெருமூளை வாதம் உள்ள குழந்தைகளுக்கோ, பயிற்சி நின்ற சில மாதங்களிலேயே தசைகள் இறுக ஆரம்பித்துவிடும். அதற்குத் திரையில் என்ன பாடம் நடத்துவது?

ஸ்வாபிமான் என்ற அமைப்பு 2020 மே மாதம் மாற்றுத்திறனாளி மாணவர்கள், பெற்றோர், ஆசிரியர்கள் என 3,627 பேரிடம் கருத்துக் கேட்டது. ஆன்லைன் வகுப்பின் சிரமத்தால் படிப்பையே நிறுத்திவிட நினைத்த மாணவர்கள் 43 சதவிகிதம். மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம் 2016 சொல்வது வேறு: குறிப்பிட்ட அளவுக்கு மேல் பாதிப்பு உள்ள பிள்ளைகளுக்கு 6 வயது முதல் 18 வயது வரை இலவசக் கல்வி உரிமை உண்டு. உரிமை காகிதத்தில் இருந்தது. போன் அப்பாவின் சட்டைப்பையில் இருந்தது.

ஆம், அந்த நாகை வீட்டில் இருப்பது ஒரே ஒரு ஸ்மார்ட் போன். விடியும் முன்பே துறைமுகத்துக்குப் போகும் அப்பாவோடு அதுவும் போய்விடும். வகுப்பு அவர் திரும்பிவந்த பிறகுதான். அப்போது பையனுக்குத் தூக்கம் வரும், அல்லது பசி வரும், அல்லது இரண்டும் வரும்.

'அடம்' என்று பெயர் வைத்துவிட்டோம்

போன் வந்துவிட்டால் மட்டும்? திரையில் டீச்சரின் முகம் தெரிந்ததும் பையன் எழுந்து ஓடுகிறான். அவன் கணக்கில் டீச்சர் இருக்க வேண்டிய இடம் பள்ளிக்கூடம். சின்னக் கண்ணாடிக்குள் அவர் வந்து உட்கார்ந்திருப்பது, நம் வீட்டு அடுப்பு திடீரெனக் கூரையில் தொங்குவதுபோல.

ஆட்டிசம் உள்ள பல குழந்தைகளுக்கு நாள் என்பது ஒரு வரிசை. காலையில் வேன், பிறகு பிரேயர், பிறகு சத்துணவு. வரிசை கலைந்தால் தரையே நகர்ந்ததுபோல அவர்களுக்கு இருக்கும். பேச்சு வராத குழந்தை அதை எப்படிச் சொல்லும்? கத்தும், தலையை முட்டிக்கொள்ளும், கையைக் கடிக்கும். பாட்டிக்கு அது அடம். அக்கம்பக்கத்துக்கு "புள்ளைய வளர்க்கத் தெரியல." அம்மாவுக்கு?

அம்மாவுக்கு அது வேறொரு நாளின் சத்தம்.

இந்த இடத்தைக் கொஞ்சம் நிதானமாகப் பார்க்க வேண்டியிருக்கிறது. பேரதிர்ச்சிக்குப் பிறகு வரும் மன அழுத்த நோய், சுருக்கமாக பி.டி.எஸ்.டி. வியட்நாம் போரிலிருந்து திரும்பிய வீரர்களின் நிலை பெரிதாகப் பேசப்பட்ட பிறகு, அமெரிக்க மனநல மருத்துவர் சங்கம் 1980-ல்தான் இந்தப் பெயரைத் தன் நோய்க் கையேட்டில் சேர்த்தது. பெயர் புதிது, நோய் பழையது. நடந்து முடிந்த சம்பவம் நினைவாகப் பின்னால் போகாமல், இப்போது நடப்பதுபோலத் திரும்பத் திரும்ப வருவது, அதை ஞாபகப்படுத்தும் இடம், ஆள், பேச்சு எல்லாவற்றையும் தவிர்ப்பது, 'எல்லாம் என் தப்பு' என்ற எண்ணம் ஊறிப்போவது, சின்னச் சத்தத்துக்கும் உடம்பு தூக்கிவாரிப்போடுவது... இவை ஒரு மாதத்துக்கு மேல் நீடித்து, அன்றாட வாழ்க்கையைக் கெடுத்தால் மருத்துவர்கள் பி.டி.எஸ்.டி என்கிறார்கள்.

பெரிய விபத்தைச் சந்தித்த எல்லோருக்கும் இது வருவதில்லை. உலக சுகாதார நிறுவனத்தின் கணக்குப்படி, உலகில் சுமார் 70 சதவிகிதம் பேர் வாழ்நாளில் ஒருமுறையாவது மனதைக் குலைக்கும் ஒரு சம்பவத்தைச் சந்திக்கிறார்கள். அவர்களில் பி.டி.எஸ்.டி வருவது 5.6 சதவிகிதம் பேருக்கு. இதைக் கேட்டதும் 'அப்போ அந்த 5.6 சதவிகிதம் பேர் பலவீனமானவங்க' என்று நினைக்கத் தோன்றும். தோன்றுவது தவறு. சம்பவம் எவ்வளவு கொடூரமானது, அப்போது என்ன வயது, அதற்குப் பிறகு பக்கத்தில் யார் இருந்தார்கள் என்று பல விஷயங்கள் அதில் இருக்கின்றன.

அந்த அம்மா பல வருடங்கள் நன்றாகத்தான் இருந்தார். கல்யாணம் ஆனது, குழந்தை பிறந்தது. கடற்கரைப் பக்கம் போவதில்லை. வீட்டில் பெரிய தொட்டியில் தண்ணீர் ரொப்புவதில்லை, குடங்கள் மட்டும்தான். யாரும் காரணம் கேட்கவில்லை. தவிர்த்துத் தவிர்த்துக் கட்டிய வாழ்க்கை, வெளியே இருந்து பார்த்தால் கெட்டிக்காரத்தனமான குடும்பம் போலவே தெரியும். ஊரடங்கு வந்து, மகன் நாள் முழுக்க வீட்டில் இருக்க ஆரம்பித்ததும் தவிர்க்க இடமில்லாமல் போனது. அவன் வீறிடும்போதெல்லாம் இவர் உடம்பு 2004-க்குப் போய்விடும். இவர் உறைந்துபோய் நிற்பதைப் பார்த்து அவன் இன்னும் வீறிடுவான். குழந்தைகள், அதிலும் பேச்சைவிட முகத்தையும் உடம்பையும் அதிகம் நம்பியிருக்கும் குழந்தைகள், பெரியவர்களின் பதற்றத்தை உடனே பிடித்துக்கொள்வார்கள். ஒருவர் அடங்கினால்தான் இன்னொருவர் அடங்க முடியும். யார் முதலில்?

நிவர் வந்த இரவு

2020 நவம்பர். நிவர் புயல். டி.வி-யில் சிவப்பு எழுத்து ஓடுகிறது, தெருவில் ஆட்டோவில் மைக் கட்டி எச்சரிக்கிறார்கள். நாகைக்காரர்களுக்கு 2018-ல் வந்த கஜாவே மறந்திருக்கவில்லை. அம்மா மூட்டை கட்டுகிறார். ரேஷன் கார்டு, ஆதார், மகனின் மாற்றுத்திறனாளி அடையாள அட்டை எல்லாம் ஒரு பிளாஸ்டிக் பையில். பையனின் வலது கையைத் தன் முந்தானையால் தன் இடுப்போடு சேர்த்துக் கட்டிக்கொள்கிறார். கையால் பிடிக்க அவருக்குத் துணிவில்லை. பிடித்தால் நழுவும்.

25-ம் தேதி நள்ளிரவையொட்டி புயல் புதுச்சேரி அருகே கரையைக் கடந்தது. நாகைக்குப் பெரிய சேதமில்லை. காலையில் எல்லோரும் டீ குடித்தார்கள். அந்த அம்மாவுக்கு மட்டும் அடுத்த பத்து நாள்கள் தூக்கமில்லை. "அதான் புயல் போயிடுச்சே, இன்னும் என்னடி?" என்றார் மாமியார். பாவம், அவர்மீது குற்றம் சொல்லவும் முடியாது. அவரும் அதே கடலில் இழந்தவர்தான். இழந்ததைப் பற்றிப் பேசாமலே இருப்பதுதான் அந்தக் குடியிருப்பில் பலருக்குத் தெரிந்த ஒரே வழி.

'மன உறுதி', 'தன்னம்பிக்கை', 'சூப்பர் மாம்' என்று நாம் தாராளமாகக் கொடுக்கும் பட்டங்கள் இந்த மாதிரி வீட்டுக்குள் நுழையும்போது என்ன செய்கின்றன? உதவி கேட்க நினைத்த வாயை அடைக்கின்றன. உறுதியான அம்மா எப்படி 'முடியல' என்று சொல்வார்?

டீச்சர் கண்டுபிடித்த சிக்னல் கோளாறு

நல்லவேளையாக, அந்த டீச்சருக்குச் சிக்னல் விஷயத்தில் ஒரு சந்தேகம் வந்தது. பாட்டுப் பாடும்போது சிக்னல் இருக்கிறது. பயறு பிரிக்கும் விளையாட்டுக்கும் இருக்கிறது. 'கையைப் பிடிங்க' என்றால் மட்டும் போய்விடுகிறதே?

சிறப்புக் கல்வியில் பழகியவர்களுக்கு இப்படிப் பார்க்கும் கண் உண்டு. குழந்தை ஒரு வேலையைச் செய்ய மறுத்தால், 'ஏன் செய்யல?' என்று கேட்க மாட்டார்கள். எந்தப் படியில் நிற்கிறது என்று பார்ப்பார்கள். பல் தேய்ப்பது நமக்கு ஒரு வேலை. அவர்களுக்கு அது பத்துப் பன்னிரண்டு வேலை: பிரஷ்ஷை எடுப்பது, நனைப்பது, பேஸ்ட்டைத் திறப்பது, வைப்பது என்று நீளும். சில வேலைகளைக் கடைசிப் படியிலிருந்துகூடத் தொடங்குவார்கள். சட்டையை அம்மாவே போட்டுவிட்டு, கடைசியாகக் கீழே இழுத்துவிடுவதை மட்டும் குழந்தையிடம் விடுவது. 'நான்தான் முடிச்சேன்' என்ற சந்தோஷம் முதல் நாளே கிடைத்துவிடும். பிறகு ஒவ்வொரு படியாகப் பின்னால் வருவார்கள்.

அந்தக் கண்ணால் டீச்சர் அம்மாவைப் பார்த்தார். ஒருநாள் பையன் தூங்கிய பிறகு போன் செய்தார். "உங்களுக்கு என்னமோ இருக்கும்மா. சொல்லணும்னா சொல்லுங்க, வேணாம்னா விடுங்க. கையைப் பிடிக்க வேணாம். நாளைக்கு முழங்கையைத் தொட்டா போதும்."

'என்ன நடந்துச்சு, முழுசாச் சொல்லு' என்று அவர் கிளறவில்லை. இதுதான் முக்கியம். பேரிடர் முடிந்தவுடன் எல்லோரையும் உட்காரவைத்து ஒரே மூச்சில் நடந்ததைச் சொல்லவைக்கும் வழக்கம் முன்பு இருந்தது. அது பலன் தருவதில்லை, சிலருக்குக் கெடுதலாகவும் முடியலாம் என்று ஆய்வுகள் காட்டிய பிறகு உலக சுகாதார நிறுவனம் அதைப் பரிந்துரைப்பதில்லை. பாதுகாப்பு, உணவு, பக்கத்தில் ஒரு மனிதர், சொல்ல விரும்பினால் கேட்க ஒரு காது. முதலுதவி அவ்வளவுதான்.

இனி வகுப்பு எப்படி நடந்தது என்று பாருங்கள். திரையைப் பார்க்கவேண்டியது பையன் அல்ல, அம்மா. டீச்சர் பாடம் எடுப்பது அம்மாவுக்கு, அம்மா எடுப்பது பையனுக்கு. கொரோனா காலத்தில் சிறப்புக் குழந்தைகளுக்கான தொலைவழிக் கல்வி ஓரளவுக்காவது நடந்த வீடுகளில், பெரும்பாலும் இப்படித்தான் நடந்தது. திரையில் காட்டும் ஆப்பிளை அடையாளம் சொல்லும் குழந்தை, கூடையில் இருக்கும் ஆப்பிளை எடுக்காமல் போகலாம். அதனால் பாடம் சமையலறைக்கு மாறியது. பச்சைப்பயறும் கொண்டைக்கடலையும் கலந்து கொட்டிப் பிரிப்பது, துணி கிளிப்பைக் கொடியில் மாட்டுவது, சப்பாத்தி மாவை உருட்டுவது... எல்லாம் பென்சில் பிடிக்கப்போகும் விரல்களுக்கான பயிற்சிகள். தண்ணீர் நிரம்பிய சின்னக் குடத்தைத் தூக்கிவருவது, அலைபாயும் பல பிள்ளைகளின் உடம்புக்கு ஒரு நிதானத்தைத் தரும்.

சுவரில் ஒரு சார்ட். பழைய காலண்டர் அட்டையில் ஒட்டிய படங்கள்: பல், இட்லி, பயறு, போன், தூக்கம். ஒன்று முடிந்ததும் பையன் அந்தப் படத்தைப் பிய்த்து, கீழே 'முடிந்தது' என்ற உறைக்குள் போட வேண்டும். அடுத்து என்ன வரும் என்று தெரிந்ததும் அவன் கத்தல் பாதி குறைந்தது. ஒரு வேடிக்கை என்னவென்றால், அம்மாவுக்கும் அதுதான் குறைந்தது. அடுத்து என்ன வரும் என்று தெரியாததுதானே அவருக்கும் நோய்.

பிடிக்கும் கை, விடும் கை

முழங்கையில் தொடங்கிய தொடுகை ஒரு மாதத்தில் மணிக்கட்டுக்கு வந்தது. பிறகு, மகனின் கைமீது அம்மாவின் கை. கோடு போட்டாகிவிட்டது. வட்டமும் வந்துவிட்டது.

அடுத்துதான் உண்மையான சிக்கல். சிறப்புக் கல்வியில் கையைப் பிடிப்பது பாதி வேலை. மீதிப் பாதி, விடுவது. கையில் இருந்த பிடி மணிக்கட்டுக்குப் போக வேண்டும். மணிக்கட்டிலிருந்து முழங்கை, முழங்கையிலிருந்து தோள், பிறகு வெறும் விரல்நீட்டல், பிறகு அதுவும் இல்லை. இப்படிப் படிப்படியாக உதவியை எடுக்காவிட்டால் குழந்தை உதவிக்கே பழகிவிடும். அம்மாவின் கை மேலே வந்து உட்காரும் வரை பென்சிலை அசைக்காது.

"இப்ப மெதுவா விடுங்கம்மா" என்றார் டீச்சர்.

இந்த முறை அம்மா சிக்னலைக் குறை சொல்லவில்லை. அழுதார். தம்பியைப் பற்றிச் சொன்னார். "நான்தான் கையை விட்டுட்டேன் டீச்சர்."

தனக்குத் தெரிந்த எல்லை இதுதான் என்பதை அந்த டீச்சர் புரிந்துகொண்டதைத் தனியாகப் பாராட்ட வேண்டும். மாவட்ட அரசுத் தலைமை மருத்துவமனைக்கு அனுப்பினார். மாவட்ட மனநலத் திட்டத்தின் கீழ் அங்கே மனநல மருத்துவர் இருப்பார் என்பதே நம்மில் பலருக்குத் தெரியாது. (2022 அக்டோபரிலிருந்து 14416 என்ற டெலி-மனஸ் எண்ணும் இருக்கிறது. கட்டணம் இல்லை, தமிழில் பேசலாம். இந்த வீட்டின் கதை நடக்கும்போது அது வந்திருக்கவில்லை.)

பி.டி.எஸ்.டி-க்கு நன்கு சோதிக்கப்பட்ட சிகிச்சைகள் இருக்கின்றன. தவிர்த்துவந்த நினைவையும் இடத்தையும் பாதுகாப்பான சூழலில் கொஞ்சம் கொஞ்சமாக அணுகவைப்பது ஒரு முறை. வழக்கமாக 8 முதல் 15 அமர்வுகள். சம்பவத்தைப் பற்றி மனதில் இறுகிப்போன எண்ணத்தை எடுத்து, அது உண்மைதானா என்று சோதிப்பது இன்னொன்று. அதற்கு 12 அமர்வுகள். கண் அசைவைப் பயன்படுத்தும் இ.எம்.டி.ஆர் மூன்றாவது. தேவைப்படுபவர்களுக்கு மருந்தும் உண்டு. ஆனால், மெடிக்கல் ஷாப்பில் சொல்லி வாங்கும் தூக்க மாத்திரை இதற்கு மருந்து இல்லை. அந்த வகை மாத்திரைகளை அதிர்ச்சிக்குப் பிந்தைய அறிகுறிகளுக்குக் கொடுக்க வேண்டாம் என்று உலக சுகாதார நிறுவனம் 2013-லேயே சொல்லிவிட்டது. இந்தச் சிகிச்சைகளில் பயிற்சி பெற்றவர்கள் எல்லா ஊரிலும் கிடைப்பதில்லை என்பதும் உண்மை. அதற்கும் போன் கைகொடுக்கிறது. அமெரிக்க முன்னாள் ராணுவத்தினரிடம் நடந்த ஆய்வுகளில், வீடியோ வழியாகத் தந்த சிகிச்சை நேரில் தந்ததற்குச் சளைக்கவில்லை. மகனுக்கு அரைகுறையாக உதவிய அதே திரை, அம்மாவுக்கு முழுதாக உதவ முடியும்.

அந்த அம்மாவின் இறுகிய எண்ணம் ஒரே ஒரு வினைச்சொல்லில் இருந்தது. 'விட்டுட்டேன்.' சிகிச்சையில் அதைத்தான் எடுத்துப் பார்ப்பார்கள். அன்று உனக்கு என்ன வயது? தண்ணீர் எவ்வளவு உயரம் வந்தது? பெரிய ஆண்கள் பிடித்திருந்த கைகள் என்ன ஆயின? கையை நீ விட்டாயா, கை விட்டுப்போனதா? 'விட்டேன்' என்பதற்கும் 'விட்டுப்போச்சு' என்பதற்கும் நடுவில் 16 வருடத் தூக்கம் இருக்கிறது. ஒரே அமர்வில் அது மாறிவிடாது. மாறியதுபோல இருந்து திரும்ப வரும். திரும்ப எடுப்பார்கள்.

பெரிய மந்திரம் எதுவும் இல்லை

மீண்டெழுதலைப் பற்றிய ஆய்வுகளில் எல்லோரும் குறிப்பிடும் ஒன்று உண்டு. ஹவாய் தீவுகளில் ஒன்றான கவாயில் 1955-ல் பிறந்த 698 குழந்தைகளை உளவியலாளர் எம்மி வெர்னர் குழுவினர் பல பத்தாண்டுகள் தொடர்ந்து பார்த்தார்கள். வறுமை, குடும்பச் சண்டை, குடி, பெற்றோரின் மனநோய் என்று பல சுமைகளோடு வளர்ந்த பிள்ளைகளில் மூன்றில் ஒரு பங்கினர் திறமையும் அக்கறையும் உள்ள பெரியவர்களாக வளர்ந்திருந்தார்கள். அவர்களிடம் என்ன இருந்தது? பலருக்கும் பொதுவாக இருந்தது, நிலையாகப் பக்கத்தில் நின்ற ஒரு பெரியவர். பாட்டி, சித்தப்பா, டீச்சர், யாரோ ஒருவர். அமெரிக்க உளவியலாளர் ஆன் மாஸ்டன் 2001-ல் எழுதிய கட்டுரையில் இதைச் 'சாதாரண மந்திரம்' என்ற பொருளில் குறிப்பிட்டார்.

அந்த நாகை வீட்டில் அந்த 'யாரோ ஒருவர்' யார் என்று கேட்டால், பையனுக்கு அம்மா. அம்மாவுக்கு டீச்சர். ஆனால், டீச்சருக்கு? ஒரு வட்டாரம் முழுவதையும் சில சிறப்பாசிரியர்கள் மட்டும் பார்த்துக்கொள்கிறார்கள். தன் நெட் பேக்கைத் தானே போட்டுக்கொண்டு, இரவு ஒன்பது மணிக்கு ஒவ்வொரு வீடாக அழைத்தவர்கள் தமிழ்நாட்டில் நிறைய பேர். சாதாரண மந்திரத்தைச் சாதாரண மனிதர்கள் தொடர்ந்து செய்ய வேண்டுமென்றால், அவர்களுக்குச் சம்பளமும் ஓய்வும் சரியாக இருக்க வேண்டும். இதை யாரும் பாராட்டு விழாவில் பேசுவதில்லை.

அப்பாவையும் சொல்லிவிட வேண்டும். அவர் செய்தது ஒன்றே ஒன்று. பழைய பட்டன் போன் ஒன்றை வாங்கித் துறைமுகத்துக்கு எடுத்துப்போக ஆரம்பித்தார். ஸ்மார்ட் போன் வீட்டில் தங்கியது. வகுப்பு காலைக்கு வந்தது.

டிசம்பர் 26

2021 நவம்பரில் பள்ளி திறந்தபோது பையனுக்கு எட்டு வயது. கொண்டாட்டமாகப் போனான் என்று எழுத ஆசைதான். போகவில்லை. ஒன்றரை வருடத்தில் வீடுதான் அவன் வரிசையாக மாறியிருந்தது. மாஸ்க் போட்ட டீச்சரை அடையாளம் தெரியாமல் வாசலிலேயே படுத்துக்கொண்டான். மறுபடி படங்கள், மறுபடி படிகள். முதல் வாரம் கேட் வரை. இரண்டாவது வாரம் மரத்தடி வரை. வகுப்புக்குள் நுழைய டிசம்பர் ஆனது.

அந்த டிசம்பர் 26 அன்றும் வழக்கம்போல ஊர் கடலுக்குப் போனது. பால் ஊற்றினார்கள், பூப்போட்டார்கள். 17 வருடங்களாக அந்தப் பக்கம் போகாத அம்மா, அன்று தெருமுனை வரை வந்தார். அங்கிருந்து கடல் தெரியாது. சத்தம் மட்டும் கேட்கும். மருத்துவமனையில் பேசிவைத்த படி அதுதான்: தெருமுனை, பத்து நிமிடம், பிறகு வீடு.

இடது கையில் மகனின் கை. அவன் ஒரு பாட்டில் மூடியைப் பார்த்துவிட்டான். மூடி சுழற்றுவது அவனுக்கு உயிர். கையை உருவினான். அம்மா இறுக்கிப் பிடித்தார். அவன் மறுபடி உருவினான். அம்மா பிடியைத் தளர்த்தினார். மணிக்கட்டு, விரல், அப்புறம் எதுவும் இல்லை. மூன்றடி தள்ளிக் குந்தி உட்கார்ந்து அவன் மூடியைச் சுழற்றினான். அம்மா வாய்க்குள் எண்ணினார். கண்ணை அவன்மீதிருந்து எடுக்கவில்லை. முப்பது வரை எண்ணியிருப்பார். மூடி விழுந்ததும் அவனே எழுந்துவந்து கையைக் கொடுத்தான்.

பத்து நிமிடம் ஆகவில்லை, ஆறுதான் ஆனது. வீட்டுக்குத் திரும்பினார்கள். சார்ட்டில் அன்று காலை அம்மா ஒட்டியிருந்த கடல் படத்தைப் பையன் பிய்த்தெடுத்து, 'முடிந்தது' உறைக்குள் போட்டான். அம்மா அதை வெளியே எடுத்து, அடுத்த ஞாயிற்றுக்கிழமைக்கு நேராக மறுபடி ஒட்டினார்.